ஊர்ப் பொது அண்டாவும் டிஎல்எல் கோப்பும்

ஆலையில் வேலை பார்த்த கடைசிப் பதினைந்து வருடம் கம்ப்யூட்டரோடு காலம் தள்ளியவன் என்பதால், ஓய்வு பெற்ற நண்பர்கள் அவ்வப்போது என்னிடம் சந்தேகம் கேட்பதுண்டு. போனில் எழுத்தைப் பெரிதாக்குவது எப்படி, வாட்ஸப்பில் வந்த படம் எங்கே போய் உட்கார்ந்திருக்கிறது, இப்படி. சமீபத்தில் ஒருவர் கேட்டது கொஞ்சம் வித்தியாசமாக இருந்தது. "பையன் கொடுத்துட்டுப் போன லேப்டாப்ல ஏதோ டிஎல்எல் காணோம்னு வருது. அது என்ன சார், காணாமப் போறதுக்கு?"

நல்ல கேள்வி. இதற்குப் பதில் சொல்லப் போனால் ஒரு பழைய கதையும் சேர்ந்து வரும். இரண்டையும் எழுதிவிடுகிறேன்.

டிஎல்எல் என்பது டைனமிக் லிங்க் லைப்ரரி என்பதன் சுருக்கம். லைப்ரரி என்றதும் புத்தக அலமாரியை நினைக்க வேண்டாம். நம் ஊர்களில் முன்பெல்லாம் கோவிலிலோ சங்கத்திலோ பொதுப் பாத்திரம் இருக்குமே, அதை நினைத்துக்கொள்ளுங்கள். அண்டா, குண்டான், அன்னக்கூடை, பெரிய கரண்டி, ஜமுக்காளம். ஒவ்வொன்றிலும் ஊர்ப் பெயர் வெட்டியிருக்கும். கல்யாணம், காதுகுத்து, கருமாதி எதுவானாலும் அங்கிருந்து எடுத்து வந்து புழங்கிவிட்டுத் திருப்பிக் கொடுப்பார்கள். வருடத்தில் ஒரு நாள் தேவைப்படும் அண்டாவை வீட்டுக்கு வீடு வாங்கி வைத்தால் அப்புறம் ஆள் படுக்க இடம் இருக்காது.

கம்ப்யூட்டரிலும் அதே கணக்குதான். கோப்பைத் திறக்கும்போது வரும் பெட்டி, அச்சடிக்கும்போது வரும் பெட்டி, பட்டன், மெனு இதெல்லாம் எல்லா புரோகிராமுக்கும் வேண்டும். ஒவ்வொரு புரோகிராமும் தனித்தனியாக இவற்றைச் சுமந்துகொண்டு வந்தால் இடம் போதாது. 1995-இல் விண்டோஸ் 95 வந்தபோது அது ஓடுவதற்குக் குறைந்தபட்சத் தேவை 4 எம்பி நினைவகம். இன்று போனில் எடுக்கும் ஒரு போட்டோவே அந்த அளவுக்கு வந்துவிடுகிறது. அவ்வளவு சிறிய இடத்தில் குடித்தனம் நடத்த வேண்டுமானால் பொதுவில் வைத்துப் புழங்குவதைத் தவிர வேறு வழியில்லை. 1985-இல் வந்த முதல் விண்டோஸிலிருந்தே இந்த ஏற்பாடு இருக்கிறது. ஒரு புரோகிராமுக்குத் தேவைப்படும்போது விண்டோஸ் அந்த டிஎல்எல்லைத் தேடி எடுத்து நினைவகத்தில் வைக்கும். அடுத்து வரும் புரோகிராமுக்கும் அதே கோப்பு வேண்டுமென்றால், ஏற்கெனவே இருப்பதையே பகிர்ந்து கொடுத்துவிடும்.

இந்தப் பொதுக் கோப்புகள் பெரும்பாலும் இருந்த இடம், சி டிரைவில் விண்டோஸ் என்ற ஃபோல்டருக்குள் சிஸ்டம் என்ற ஃபோல்டர். அதைத் திறந்தால் நூற்றுக்கணக்கில் வரிசையாக நிற்கும். புள்ளிக்கு முன்னால் எட்டு எழுத்துக்குள் அடங்கும் பெயர்கள் அதிகம். பார்த்தால் ஏதோ தந்திச் சங்கேதம் போலிருக்கும்.

இன்னொரு வேடிக்கை சொல்கிறேன். கண்ட்ரோல் பேனல் என்று ஒன்று உங்களுக்குத் தெரிந்திருக்கும். தேதி மாற்ற, மவுஸ் வேகம் மாற்ற, திரையின் நிறம் மாற்ற அங்கேதான் போவோம். கம்ப்யூட்டரை நம் விருப்பப்படி அமைத்துக்கொள்ளும் மென்பொருள் அதுதான். ஆனால் அந்தக் காலத்து கண்ட்ரோல் பேனலுக்குச் சொந்தமாக ஒன்றும் தெரியாது. சிஸ்டம் ஃபோல்டரில் சிபிஎல் என்று முடியும் கோப்புகள் இருக்கும். டைம்டேட்.சிபிஎல் தேதிக்கு, டெஸ்க்.சிபிஎல் திரைக்கு, மெயின்.சிபிஎல் மவுஸுக்கும் விசைப்பலகைக்கும், எம்எம்சிஸ்.சிபிஎல் ஒலிக்கு. இவை எல்லாமே வேறு பெயரில் உலவும் டிஎல்எல்கள்தான். கண்ட்ரோல் பேனல் ஒவ்வொன்றையும் கூப்பிட்டு, "உன் பெயர் என்ன, உன் படம் என்ன" என்று கேட்டு வரிசையாக நிற்க வைக்கும். நாம் இரண்டு தடவை தட்டினால், "உனக்கு ஆள் வந்திருக்கு, பார்த்துக்கோ" என்று அந்தக் கோப்பிடம் அனுப்பிவிடும். பெரிய அலுவலகத்து வரவேற்பறை மாதிரி.

இது தெரிந்ததால் எங்கள் ஆலையில் ஒரு நன்மை கிடைத்தது. கரும்புக்கு வெட்டு உத்தரவு, எடைச் சீட்டு எல்லாமே தேதியை வைத்து ஓடுபவை. கம்ப்யூட்டரில் யாராவது தேதியை மாற்றிவிட்டால் மொத்தக் கணக்கும் குழம்பும். விண்டோஸ் ஃபோல்டரில் கண்ட்ரோல்.ஐஎன்ஐ என்று ஒரு கோப்பு உண்டு. அதில் 'ஏற்றாதே' என்ற பொருள்படும் ஒரு தலைப்பின் கீழ் டைம்டேட்.சிபிஎல் என்று ஒரு வரி சேர்த்தால், கண்ட்ரோல் பேனலில் கடிகாரப் படமே தெரியாது. பூட்டு வாங்கவில்லை, யாரோடும் சண்டையில்லை. ஒரே ஒரு வரி.

இனி கதைக்கு வருகிறேன்.

நான் வேலை பார்த்தது வடமாவட்டத்தில் ஒரு கூட்டுறவு சர்க்கரை ஆலை. பெயர் வேண்டாம். 1999-இல் எல்லோரையும் ஆட்டிவைத்த 2000-ஆம் ஆண்டுப் பிரச்சினை எங்களையும் விடவில்லை. ஆண்டை இரண்டு இலக்கத்தில் எழுதிய பழைய புரோகிராம்கள் 2000-ஐ 1900 என்று நினைத்துக்கொள்ளும் என்ற பயத்தில், கரும்புப் பணம் பட்டுவாடா செய்ய விண்டோஸில் ஓடும் புது புரோகிராம் ஒன்று வாங்கினார்கள். கணக்குப் பிரிவில் ஒரு கம்ப்யூட்டர், எடை மேடையில் ஒரு கம்ப்யூட்டர். இரண்டிலும் விண்டோஸ் 95. இரண்டையும் இணைக்கும் வலைப்பின்னல் கிடையாது. தகவல் ஃப்ளாப்பியில் நடந்துபோகும்.

கணக்குப் பிரிவில் பதிவு வேலைக்குத் தினக்கூலியில் ஒரு பெண் இருந்தாள். பக்கத்து ஊர். அப்பா இல்லை. தம்பி பாலிடெக்னிக் படித்துக்கொண்டிருந்தான். தட்டச்சில் இரண்டு மொழியிலும் ஹையர் முடித்தவள். அவள் விரல் ஓடும் வேகத்துக்கு எங்கள் கம்ப்யூட்டர்தான் மூச்சு வாங்கும்.

2000 பொங்கலுக்கு முந்தைய வாரம் அது. அரவை முழு வேகத்தில் ஓடிக்கொண்டிருந்தது. பண்டிகைக்கு முன் ஒரு தவணைப் பணம் தருவதாக ஆலை அறிவித்திருந்தது. யார் யாருக்கு எத்தனை டன், பயிர்க்கடன் பிடித்தம் எவ்வளவு, வெட்டுக்கூலி முன்பணம் எவ்வளவு, கையில் கிடைப்பது எவ்வளவு என்று பட்டியல் அச்சடித்து, கையெழுத்தாகி, புதன்கிழமைக்குள் வங்கிக்குப் போக வேண்டும். அப்போதுதான் விவசாயிக்குப் பொங்கலுக்கு முன் பணம் கிடைக்கும்.

திங்கட்கிழமை காலை அந்தப் பெண் பட்டியலை அச்சடிக்கப் போனாள். பட்டனைத் தட்டியதும் திரையில் ஒரு பெட்டி. விண்டோஸ் 95 வைத்திருந்தவர்களுக்கு அது மறக்காது. இந்த புரோகிராம் ஒரு 'இல்லீகல் ஆபரேஷன்' செய்துவிட்டது, இது மூடப்படும் என்று வரும். திரும்பத் திறந்தாள், தட்டினாள். அதே பெட்டி. கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டாள். அதே பெட்டி.

இந்த நேரம் பார்த்துத்தான் எங்கள் மேலதிகாரி உள்ளே வந்தார். குனிந்து படித்தார். 'இல்லீகல்' என்ற சொல்லில் அவர் கண் நின்றுவிட்டது.

"இல்லீகல்னு போட்டிருக்கே. என்னம்மா பண்ணின?"

"நான் எதையும் தொடலை சார். தினமும் தட்டுற அதே பட்டனைத்தான் தட்டினேன்."

"எதையும் தொடாம சட்டவிரோதம்னு மெஷின் சும்மா சொல்லுமா?"

இன்றைக்குச் சிரிப்பு வருகிறது. அன்றைக்கு யாரும் சிரிக்கவில்லை. வாசலில் வேப்பமரத்தடியில் விவசாயிகள் உட்கார்ந்திருந்தார்கள். மதியத்துக்குள் மூன்று வதந்திகள் கிளம்பிவிட்டன. வைரஸ் வந்துவிட்டது, அந்தப் பெண் சீட்டாட்ட கேம் விளையாடிக் கெடுத்துவிட்டாள், 2000-ஆம் ஆண்டுப் பிரச்சினை பத்து நாள் தாமதமாக எங்கள் ஆலைக்கு வந்திருக்கிறது. மூன்றில் இரண்டாவதுதான் எல்லோருக்கும் வசதியாக இருந்தது. தினக்கூலி ஆள் மேல் பழி போட்டால் விசாரணை, விளக்கம், கோப்பு எதுவும் வேண்டாம். நாளையிலிருந்து வர வேண்டாம் என்றால் தீர்ந்தது. "அந்தப் பொண்ணை நிறுத்திடுங்க, வேற ஆள் பார்க்கலாம்" என்று மாலையில் என்னிடம் சொல்லியும் விட்டார். பட்டியல் போகட்டும் சார், அப்புறம் பேசலாம் என்று ஒரு நாள் வாங்கினேன்.

அந்தப் பெட்டியில் 'விவரம்' என்று ஒரு பட்டன் உண்டு. தட்டினால் புரியாத எண்கள் கொட்டும். எல்லோரும் பயந்து மூடிவிடுவார்கள். ஆனால் முதல் வரியை மட்டும் படித்தால் போதும். எந்த புரோகிராம், எந்தக் கோப்புக்குள் நிற்கும்போது விழுந்தது என்று அதில் இருக்கும். எங்கள் பெட்டியில் இருந்த கோப்பின் பெயர் எம்எஃப்சி42.டிஎல்எல். பட்டுவாடா புரோகிராம் எழுதியவர்களின் கோப்பல்ல அது. மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி பிளஸ் பிளஸ் கொண்டு எழுதப்படும் ஏராளமான புரோகிராம்கள் பகிர்ந்துகொள்ளும் பொது அண்டா.

அண்டாவில் ஓட்டை என்றால் நேற்று யார் வீட்டில் விசேஷம் என்றுதான் முதலில் பார்க்க வேண்டும். வெள்ளிக்கிழமை வரை அச்சு ஒழுங்காக வந்திருக்கிறது. சனிக்கிழமை மேலதிகாரியே ஓர் ஆளை வரவழைத்து, சென்னைக்குக் கம்ப்யூட்டரிலிருந்தே ஃபேக்ஸ் அனுப்ப ஒரு மோடமும் அதற்கான மென்பொருளும் போட வைத்திருந்தார். ஃப்ளாப்பிகள் மேசை இழுப்பறையிலேயே இருந்தன.

எடை மேடைக்குப் போனேன். அரவை நேரத்தில் அந்தக் கம்ப்யூட்டரை நிறுத்த முடியாது. வெளியே டிராக்டர்கள் வரிசை. இரண்டு வண்டிகளுக்கு நடுவே கிடைத்த நேரத்தில் அதன் சிஸ்டம் ஃபோல்டரைத் திறந்து, அதே கோப்பின் மேல் வலது பட்டனைத் தட்டி, பதிப்பு எண்ணைப் பார்த்தேன். 6.00 என்று இருந்தது. கணக்குப் பிரிவுக்கு வந்து இதே கோப்பைப் பார்த்தேன். 4.21. பெயர் ஒன்றுதான், ஒரு எழுத்து மாறவில்லை. உள்ளே இருப்பது பழையது.

நடந்தது இதுதான். மைக்ரோசாஃப்ட் 1998-இல் விஷுவல் சி பிளஸ் பிளஸ்ஸின் ஆறாவது பதிப்பை வெளியிட்டபோதும் அந்தக் கோப்பின் பெயரை மாற்றவில்லை. 42 என்றே வைத்துக்கொண்டார்கள். பெயரை மாற்றாமல் சரக்கை மட்டும் புதுப்பித்தால், பழைய புரோகிராம்களும் புதியதைப் பயன்படுத்திக்கொள்ளும் என்ற நல்லெண்ணம். ஆனால் ஒரு மென்பொருளை நிறுவும்போது, ஏற்கெனவே இருக்கும் கோப்பு தன்னிடம் இருப்பதைவிடப் புதிதா என்று பார்த்துவிட்டுத்தான் கைவைக்க வேண்டும். ஒழுங்கான நிறுவல் நிரல்கள் பார்க்கும். சில பார்க்காது. ஃபேக்ஸ் மென்பொருள் தன்னோடு கொண்டுவந்த பழைய கோப்பைப் புதியதன் மேலேயே போட்டுவிட்டுப் போய்விட்டது. ஊர் அண்டாவை வாங்கிப் போனவர், அதே பெயர் வெட்டிய பழைய அண்டாவைத் திருப்பிக் கொடுத்த கதை. பழைய அண்டாவில் அவர் வீட்டுச் சாம்பார் கொதிக்கும். அடுத்த வீட்டுக் கல்யாணச் சோறு அடங்காது.

எடை மேடையிலிருந்து சரியான கோப்பை எடுத்து வந்தேன். ஒரு எம்பிக்குக் கொஞ்சம் குறைவு, ஒரு ஃப்ளாப்பியில் அடங்கிவிட்டது. விண்டோஸ் ஓடிக்கொண்டிருக்கும்போது, பயன்பாட்டில் இருக்கும் டிஎல்எல்லை மாற்ற விடாது. அதனால் டாஸில் நிறுத்தி, பழைய கோப்பை வேறு பெயரில் ஓரமாக வைத்துவிட்டு, புதியதைப் போட்டு, விண்டோஸை எழுப்பினேன். பட்டியல் அச்சாகத் தொடங்கியது. டாட் மேட்ரிக்ஸ் பிரிண்டரின் அந்தக் கரகர சத்தம் அன்றைக்கு நாதஸ்வரம் போலக் கேட்டது. ஃபேக்ஸ் மென்பொருளையும் திறந்து பார்த்தேன். அதுவும் புதுக் கோப்போடு சமர்த்தாக ஓடியது.

அதோடு விடவில்லை. பட்டியல் அடித்து முடித்த பிறகு மேலதிகாரியைக் கூப்பிட்டேன். அவர் கண் முன்னால் பழைய கோப்பைத் திரும்ப வைத்தேன். பட்டனை நான் தட்டினேன். அதே 'இல்லீகல்' பெட்டி. மறுபடி புதியதை வைத்தேன். பட்டனை அவரையே தட்டச் சொன்னேன். பட்டியல் வந்தது. பிறகு இழுப்பறையிலிருந்த ஃபேக்ஸ் ஃப்ளாப்பியில் அந்தக் கோப்பின் பெயர் இருப்பதையும் காட்டினேன். நான் ஒன்றும் பேசவில்லை. அந்தப் பெண்ணும் மூலையில் நின்றுகொண்டிருந்தாள்.

"சரி, அந்த ஃபேக்ஸ்காரனை வரச் சொல்லுங்க" என்றார். போய்விட்டார்.

பட்டியல் செவ்வாய்க்கிழமை மாலையே வங்கிக்குப் போனது. அந்தப் பெண் நிற்கவில்லை, தொடர்ந்தாள். மூன்று வருடம் கழித்து எழுத்துத் தேர்வு எழுதி அரசு வேலைக்குப் போனாள். ஆனால் அந்தத் திங்கட்கிழமை எல்லோர் முன்னாலும் கேட்ட கேள்விக்கு, யாரும் அவளிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. வேப்பமரத்தடியில் பரவிய பேச்சையும் யாரும் திருப்பி எடுக்கவில்லை. தம்பிக்குச் செமஸ்டர் கட்டணம் கட்டிவிட்டேன் சார் என்று மட்டும் மாதக் கடைசியில் வந்து சொன்னாள்.

எங்கள் ஆலையில் மட்டும் நடந்ததல்ல இது. உலகம் முழுக்க அப்போது இதே தலைவலி. 'டிஎல்எல் நரகம்' என்றே பெயர் வைத்துவிட்டார்கள். மைக்ரோசாஃப்டும் படிப்படியாகச் சரிசெய்தது. விண்டோஸ் 98-இல் கணினிக் கோப்புகளைச் சரிபார்க்கும் ஒரு கருவி வந்தது. விண்டோஸ் 2000-இல் ஒரு காவல்காரரைப் போட்டார்கள். யாராவது முக்கியமான கோப்பை மாற்றினால், மறைவாக வைத்திருக்கும் நகலிலிருந்து பழையபடி வைத்துவிடுவார். 2001-இல் வந்த எக்ஸ்பியில், ஒரே கோப்பின் பல பதிப்புகளை அருகருகே வைத்து, எந்த புரோகிராமுக்கு எது வேண்டுமோ அதைக் கொடுக்கும் ஏற்பாடு வந்தது. லினக்ஸில் கோப்பின் பெயரிலேயே பதிப்பு எண்ணைச் சேர்த்துவிடும் வழக்கம் உண்டு. இப்போது வட்டில் இடத்துக்குப் பஞ்சமில்லை என்பதால், பல மென்பொருள்கள் தங்கள் பாத்திரத்தைத் தாங்களே கொண்டுவந்துவிடுகின்றன.

எக்ஸ்பியில் இன்னொன்றும் மாறியது. 'இல்லீகல் ஆபரேஷன்' பெட்டி போய்விட்டது. அதற்குப் பதிலாக, புரோகிராமில் ஒரு பிரச்சினை, மூட வேண்டியிருக்கிறது, சிரமத்துக்கு வருந்துகிறோம் என்று வந்தது. முதல் தடவை அதைப் பார்த்தபோது எனக்கு அந்தப் பெண்ணின் ஞாபகம்தான் வந்தது. இயந்திரம் கூட வருத்தம் தெரிவிக்கக் கற்றுக்கொண்டதே என்று நினைத்தேன்.

இனி, கேள்வி கேட்ட நண்பருக்கும் மற்றவர்களுக்கும் சில விஷயங்கள்.

டிஎல்எல் காணவில்லை என்று வந்தால், உடனே அந்தப் பெயரை கூகுளில் தேடி, இலவசமாகத் தருகிறோம் என்று சொல்லும் தளங்களிலிருந்து இறக்காதீர்கள். அது எந்தப் பதிப்பு, உள்ளே என்ன கலந்திருக்கிறது என்று யாருக்கும் தெரியாது. பாத்திரம் காணவில்லை என்று தெருவில் போகிறவர் கொடுக்கும் பாத்திரத்தில் சமைப்போமா? எந்த புரோகிராம் திறக்கும்போது அந்தச் செய்தி வருகிறதோ, அதை நீக்கிவிட்டு, அதன் சொந்தத் தளத்திலிருந்து மறுபடி நிறுவினாலே பெரும்பாலும் சரியாகிவிடும்.

உங்கள் கணினியில் இருக்கும் மென்பொருள் பட்டியலில் மைக்ரோசாஃப்ட் விஷுவல் சி பிளஸ் பிளஸ் 2008, 2010, 2013 என்று ஒரே பெயரில் பல வரிகள் இருக்கும். ஒன்று போதாதா என்று மற்றவற்றை நீக்க வேண்டாம். ஒவ்வொன்றும் ஏதோ ஒரு மென்பொருளுக்குத் தேவையான பொதுப் பாத்திரம்.

விண்டோஸின் சொந்தக் கோப்பிலேயே கோளாறு என்று தோன்றினால், கமாண்ட் பிராம்ப்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து, எஸ்எஃப்சி என்று அடித்து, ஓர் இடம் விட்டு, சாய்கோடு போட்டு ஸ்கேன்நௌ என்று சேர்த்து அடித்தால், அதுவே சோதித்து முடிந்தவரை சரிசெய்யும். கொஞ்ச நேரம் ஆகும். நடுவில் மூட வேண்டாம். ஆங்கிலத்தில் அடிக்க வேண்டும் என்பதைச் சொல்லத் தேவையில்லை.

உங்கள் கம்ப்யூட்டரில் டிஎல்எல் கெட்டுப்போயிருக்கிறது, நாங்கள் கம்பெனியிலிருந்து பேசுகிறோம் என்று யாராவது போன் செய்தால் பேசாமல் வைத்துவிடுங்கள். எந்தக் கம்பெனியும் தானாக அப்படிக் கூப்பிடாது.

கடைசியாக ஒன்று. வீட்டில் கம்ப்யூட்டர் மக்கர் செய்தால், கடைசியாக அதில் உட்கார்ந்திருந்த பேரனையோ மருமகளையோ கேட்பதற்கு முன்னால், திரையில் வந்த செய்தியை முழுவதுமாக ஒரு காகிதத்தில் எழுதி வையுங்கள். புரியாவிட்டாலும் எழுதுங்கள். அந்தக் காகிதத்தோடு வந்தால் என்னால் முடிந்ததைப் பார்க்கிறேன்.